இறந்தோர்க்குக் கடன், இருப்போர்க்கு நீதி: சீனரின் துக்க வழக்கங்களும் நம் சபைகளும்

முன்னுரை

"ஐயா, பதினாறாம் நாள் ஜெபத்துக்கு அழைக்கிறார்கள், நான் போகலாமா?" இறையியற் கல்வியை முடித்துச் சபைப் பொறுப்பை ஏற்கும் இளம் ஆயர்கள் முதலாண்டிலேயே நம்மிடம் எழுப்பும் வினா இது. இதனைத் தொடர்ந்து வேறு வினாக்களும் வரும். இறந்தவரின் படத்திற்கு மாலையிடலாமா? கல்லறையில் மெழுகுவர்த்தி ஏற்றலாமா? உறவினர் கொண்டுவரும் கோடித் துணியை ஆயர் ஜெபித்துக் கொடுக்கலாமா? விதவையின் தாலியைக் கழற்றும் வேளையில் ஆயர் அங்கு நிற்கலாமா? இவற்றிற்குக் "கூடும்" என்றோ "கூடாது" என்றோ ஒரு சொல்லில் விடை கூறிவிட்டு அடுத்த பணிக்குச் சென்றுவிடுவது நம் வழக்கம்.

இவ்வினாக்கள் நமக்கு மட்டும் உரியவையல்ல. சீனக் கிறிஸ்தவர்கள் ஏறத்தாழ நானூறு ஆண்டுகளாக இதே வினாக்களோடு போராடி வந்துள்ளனர். அவர்களுடைய வரலாறும் நம்முடைய வரலாறும் ஓரிடத்தில் ஒன்றையொன்று தொட்டும் இருக்கின்றன. ஆகவே இக்கட்டுரையில் சீனக் குடும்பத்தின் துக்க வழக்கங்களையும், அவற்றைப்பற்றித் திருச்சபை அளித்த தீர்ப்புகளையும் முதலில் நோக்குவோம். பின்னர் சாயர்புரத்தைச் சுற்றியுள்ள நம் சபைகளின் துக்க வீடுகளுக்குத் திரும்பி, அங்கு நாம் கேட்டிருக்க வேண்டிய, ஆனால் கேளாது விட்ட ஒரு வினாவை எடுத்துரைப்போம்.

1. முத்துக்குளித்துறையும் சீனமும்

நம் கடற்கரைக்கும் சீனத்திற்கும் உள்ள தொடர்பு ஒரு மரணத்தில் தொடங்குகிறது. 1542இல் முத்துக்குளித்துறைக்கு வந்து பரதவ மக்களிடையே பணியாற்றிய பிரான்சிஸ் சவேரியார், பத்தாண்டுகளுக்குப் பின் சீனத்திற்குள் நுழைய விரும்பிச் சென்று, அதன் வாயிலிலிருந்த சான்சியான் தீவில் 1552 டிசம்பர் 3 அன்று இறந்தார். அவரது மரணப் படுக்கையருகே இருந்து, கடைசி நாட்களைப்பற்றிச் சாட்சி கூறியவர் அந்தோனி என்னும் சீனக் கிறிஸ்தவர். உற்றார் உறவினர் எவருமின்றி இறந்த அந்த அயலாருக்கு ஒரு மகன் செய்யவேண்டியதை அவர் செய்தார்.

பின்னர் சீனத்திற்குள் சென்று பணியாற்றிய மத்தேயு ரிச்சி, 1580இல் நம் அண்டையிலுள்ள கொச்சியில் குருத்துவம் பெற்றவர். அவர் சீன அறிஞரின் உடையையும் மொழியையும் மேற்கொண்டார். 1606இல் மதுரைக்கு வந்த ராபர்ட் தெ நோபிலி தமிழ்த் துறவியின் கோலத்தை மேற்கொண்டார். ஒரே சபையைச் சேர்ந்த இவ்விருவரும் இரு நாடுகளில் ஒரே வினாவை எழுப்பினர்: ஒரு மக்களினத்தின் வழக்கங்களில் எது வழிபாடு, எது குடும்ப மரியாதை?

2. சீனக் குடும்பத்தின் துக்கம்

சீன மரபில் குடும்பமென்பது உயிரோடிருப்போர் மட்டுமன்று. முன்னோரும் இனிப் பிறக்கவிருப்போரும் அதில் அடங்குவர். ஆகவே பெற்றோரை அடக்கம்பண்ணுதல் மகனின் தலையாய கடமையாகக் கருதப்பட்டது. தென் சீனத்தில் தந்தையோ தாயோ இறந்ததும் மகன் ஆற்றுக்கோ கிணற்றுக்கோ சென்று, நீரில் சில காசுகளை இட்டு, அந்நீரை "விலைக்கு வாங்கி" வந்து உடலைக் கழுவுவான். நம் நாட்டில் நீர்மாலைக்குச் செல்லும் வழக்கத்தை அறிந்தோர்க்கு இது வியப்பளிக்காது. பின்பு உடலுக்குப் புதிய ஆடைகளை அடுக்கடுக்காக உடுத்திப் பெட்டியில் வைப்பர். பிள்ளைகள் வெண்ணிறத் துணியையோ சாயமிடாத சணல் துணியையோ அணிவர். மரித்தவரின் பெயர் பொறித்த மரப்பலகை வீட்டில் வைக்கப்பட்டு, அதன்முன் ஊதுவத்தியும் உணவும் படைக்கப்படும். ஏழு நாட்களுக்கு ஒருமுறையாக நாற்பத்தொன்பது நாள்வரை சடங்குகள் நடைபெறும். மறுமையில் உதவுமென்று காகிதப் பணத்தையும் காகித வீடுகளையும் எரிப்பதும் உண்டு. ஆண்டுதோறும் ஏப்ரல் மாதம் 5ஆம் நாளையொட்டி வரும் சிங்மிங் நாளில் குடும்பத்தார் கல்லறைகளுக்குச் சென்று புல் களைந்து, பெருக்கி, மலர் வைத்து வணங்குவர்.

பெற்றோர்க்காக மூன்றாண்டு துக்கம் காக்கவேண்டும் என்பது பண்டை நெறி. நடைமுறையில் அது மூன்றாம் ஆண்டில் அடியெடுத்து வைப்பதோடு முடிவுறும். இவ்வளவு நீண்ட காலம் எதற்கு என்று ஒரு மாணவர் வினவியபோது, குழந்தை பெற்றோரின் கைகளைவிட்டு இறங்குவதற்கே மூன்றாண்டு ஆகிறதல்லவா என்னும் பொருள்பட கன்பூசியஸ் விடையளித்ததாக அவருடைய உரைத்தொகுப்பு கூறுகிறது. இதில் அச்சத்தைக் காட்டிலும் நன்றியே மேலோங்கியிருப்பதை நாம் மறுக்கவியலாது.

ஆயினும் இந்நெறியை மேலும் கூர்ந்து நோக்கவேண்டும். சீனர் துக்கத்தை ஐந்து படிகளாக வகுத்து, எவருக்காக எவர் எத்துணை நாள் எந்த ஆடையில் துக்கங்காப்பது என்று விதித்தனர். கணவனுக்காக மனைவி காக்கவேண்டியது மிகக் கடுமையான மூன்றாண்டுத் துக்கம். மனைவிக்காகக் கணவன் காக்கவேண்டியதோ ஓராண்டு மட்டுமே. மணமாகிச் சென்ற மகள் தன்னைப் பெற்றோர்க்காகக் காக்கும் துக்கமும் ஓர் ஆண்டாகக் குறைக்கப்பட்டது. அவள் இப்போது வேறு வீட்டைச் சேர்ந்தவள். மறுமணம் செய்யாது வாழ்ந்த விதவைகளுக்கு மிங், சிங் அரசுகள் வளைவுகள் எழுப்பிச் சிறப்புச் செய்தன. அழுகையின் அளவைக்கூட ஆண், பெண் என்னும் வேற்றுமையே வரையறுத்தது.

சீன எழுத்தாளர் லூ சுன் 1924இல் எழுதிய "புத்தாண்டுப் பலி" என்னும் சிறுகதை இதனை வெளிப்படுத்துகிறது. இருமுறை கைம்பெண்ணாகி, மகனையும் இழந்த ஓர் ஏழைப் பெண் செல்வர் வீடொன்றில் வேலை செய்கிறாள். முன்னோர்க்குப் படைக்கும் நாளில் அவ்வீட்டார் அவளைப் படையற் பாத்திரங்களைத் தொடவிடாது விலக்குகின்றனர். அவள் கைபட்டால் முன்னோர் உணவை ஏற்கமாட்டார் என்பது அவர்கள் எண்ணம். இறந்தோர்க்குச் செய்யும் மரியாதை குறைவின்றி நடக்கிறது. அதே வீட்டில் உயிரோடிருக்கும் ஒருத்தி அதனாலேயே நொறுங்கிப்போகிறாள்.

3. திருச்சபை அளித்த தீர்ப்புகள்

முன்னோர்க்குச் செய்யும் வணக்கம் குடும்ப மரியாதையே என்று இயேசு சபையார் வாதிட்டனர். அது விக்கிரக வழிபாடு என்று தொமினிக்கன் சபையாரும் பிரான்சிஸ்கன் சபையாரும் மறுத்தனர். இவ்வழக்கு நூறாண்டுக்கு மேல் நீடித்தது. இதில் நமக்குரிய செய்தி ஒன்றுண்டு. இச்சச்சரவை விசாரிக்கும்படி போப்பாண்டவர் அனுப்பிய தூதர் ஷார்ல் தெ தூர்னோன், சீனம் செல்லும் வழியில் புதுச்சேரியில் தங்கினார். அங்கே 1704இல் தமிழ்க் கிறிஸ்தவரின் வழக்கங்களைப்பற்றி அவர் ஆணை பிறப்பித்தார். பிள்ளையார் உருவம் பொறித்த தாலியை அணியலாகாது என்பது அவ்வாணையில் ஒன்று. பின்பு அவர் சீனம் சென்று 1707இல் அந்நாட்டுச் சடங்குகளுக்கு எதிராகவும் தீர்ப்புரைத்தார். 1710இல் மக்காவில் காவலில் இருந்தபடியே மாண்டார். இவ்வாறு தமிழரின் வழக்கங்களுக்கும் சீனரின் வழக்கங்களுக்கும் தீர்ப்புச் சொன்னவர் ஒருவரே. 1742இல் சீனச் சடங்குகளும் 1744இல் தமிழ்நாட்டு வழக்கங்களும் உரோமையில் இறுதியாகத் தீர்க்கப்பட்டு, விவாதம் மூடப்பட்டது. சீனச் சடங்குகளைப்பற்றிய தடை 1939இல்தான் தளர்த்தப்பட்டது.

சீர்திருத்தத் திருச்சபையினராகிய நாம் இவ்வழக்கிலிருந்து விலகியிருந்தோம் என்று எண்ணலாகாது. 1890இல் ஷாங்காயில் கூடிய மிஷனெரிமார் மாநாட்டில், முன்னோர் வணக்கத்தைப் பொறுமையோடு அணுகவேண்டுமென்று டபிள்யூ. ஏ. பி. மார்ட்டின் எழுதிய கட்டுரை வாசிக்கப்பட்டது. அதனை ஏற்காதோர் எழுந்து நிற்கும்படி ஹட்சன் டெய்லர் கேட்டுக்கொள்ள, அவையில் பெரும்பாலோர் எழுந்து நின்றனர். விளைவு யாது? கிறிஸ்தவனாவது தாய்தந்தையரைக் கைவிடுவதே என்னும் பழிச்சொல் சீனத்தில் நிலைத்துவிட்டது. சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் நம் தமிழ்ச் சபைகளுக்கு அண்டையில் வாழும் சீன விசுவாசிகள், தந்தையின் பெட்டிக்கு முன் ஊதுவத்தி பிடிக்க மறுத்து, உறவினரின் வசைச் சொல்லை இன்றும் சுமக்கின்றனர்.

தமிழகத்திலும் இதனையொத்த வாதம் நிகழ்ந்தது. 1820களில் தஞ்சையில் புதிய மிஷனெரிமார் கொண்டுவந்த கட்டுப்பாடுகளை எதிர்த்துக் குரலெழுப்பிய வேதநாயகம் சாஸ்திரியார், திருமணத்திலும் அடக்கத்திலும் மலர்களை விலக்கியதையும் ஒரு கொடுமையாக எடுத்துக்காட்டினார். மலர் வழிபாடு அன்று. அன்பின் அடையாளம் என்பதே அவர் தரப்பின் கருத்து. இன்று நம் சபைகளில் மலரின்றி அடக்கமில்லை. காலம் அவர் பக்கம் தீர்ப்புச் சொல்லிவிட்டது.

4. இன்றைய சீனம்

இவ்வழக்குகள் எல்லாம் நடந்த சீனம் இன்று பெரிதும் மாறிவிட்டது. 1956இல் மாவோவும் மற்றத் தலைவர்களும் தங்கள் உடல்களை எரியூட்டவேண்டுமென்று கையொப்பமிட்டனர். 1966இல் தொடங்கிய பண்பாட்டுப் புரட்சியில் முன்னோர் பலகைகளும் கல்லறைகளும் பல இடங்களில் உடைக்கப்பட்டன. 1997இல் வெளியான அரசு விதிகள் எரியூட்டலை மேலும் வலியுறுத்தின. நகரங்களில் அடக்கச் சடங்கு எரிமேடையை அடுத்த மண்டபத்தில், வாழ்க்கைக் குறிப்பு வாசித்து, மும்முறை தலைவணங்கி, குறுகிய நேரத்தில் முடிவுறுகிறது. ஆயினும் பழைய வழக்கங்கள் மாயவில்லை. 1978க்குப் பின் கிராமங்களில் அவை மீண்டும் தலையெடுத்தன. 2008 முதல் சிங்மிங் நாள் பொது விடுமுறையாக்கப்பட்டது. அரசே தடுத்தும் அழியாத வழக்கத்தைப் பிரசங்கத்தால் மட்டும் அழித்துவிடலாமென்று ஆயர் எண்ணுவது பேதைமையாகும்.

குடும்பத்தின் அமைப்போ பெரிதும் மாறிவிட்டது. 1980 முதல் 2015 வரை நிலவிய ஒரு குழந்தைக் கொள்கையின் விளைவாக, பெற்றோர் இருவரின் முதுமையையும் மரணத்தையும் ஒரே பிள்ளை சுமக்கவேண்டிய நிலை பல வீடுகளில் ஏற்பட்டது. அப்பிள்ளை தொலைவிலுள்ள நகரில் வேலையிலிருப்பான். ஐந்து படித் துக்கத்தை அணிவகுத்துக் காப்பதற்கு உறவினரே இல்லை. சீனக் கிராமச் சபைகள் பலவற்றில் பாடகர் குழுவினர் துக்க வீட்டுக்குச் சென்று பாடியும் உடனிருந்தும் உதவுகின்றனர். இல்லாத உறவினரின் இடத்தைத் திருச்சபை நிரப்பும்போது, கிறிஸ்தவர் பெற்றோரை மதியாதவர் என்னும் பழைய பழிச்சொல் அங்கே தானாகவே வலுவிழக்கிறது.

5. நம் துக்க வீடுகள்

இப்போது நம் ஊர்களுக்குத் திரும்புவோம். இறந்தோரைப் பேணும் வழக்கம் இம்மண்ணில் மிகத் தொன்மையானது. தாமிரபரணிக் கரையில், நம் வட்டாரத்துக்கு அண்மையிலுள்ள ஆதிச்சநல்லூரில் 1876இல் யாகோரும், 1899 முதல் அலெக்சாந்தர் ரீயும் அகழ்ந்தெடுத்த முதுமக்கள் தாழிகளோடு கலங்களும் இரும்புக் கருவிகளும் பொன் அணிகளும் கிடைத்தன. இறந்தவர் வெறுங்கையராய்ச் செல்லலாகாது என்னும் உணர்வு அங்கே தெளிவாகப் புலப்படுகிறது. நற்செய்தி இம்மண்ணுக்கு வந்தபோது இவ்வுணர்வு முற்றிலும் மறைந்துவிடவில்லை. ஜி. யு. போப் ஐயர் 1840களில் கல்விச்சாலை நடத்திய சாயர்புரத்திலும், அதனைச் சூழ்ந்த ஊர்களிலும், கிறிஸ்தவத் துக்க வீடு என்பது திருச்சபையின் ஆராதனை முறையும் உறவின்முறையாரின் வழக்கமும் இணைந்த ஒன்றாகவே இருந்து வருகிறது.

கோயில் மணி துக்கம் அறிவிக்கும். உறவினருக்குக் கேதம் சொல்லியனுப்புவர். துட்டி கேட்க வரும் பெண்கள் இறந்தவரின் மனைவியையோ மகளையோ கட்டிக்கொண்டு அழுவர். ஒருபுறம் ஒப்பாரியும் மறுபுறம் கீர்த்தனையும் ஒலிக்கும். துக்க வீட்டில் அடுப்பெரியாது. உறவினர் உணவு கொண்டுவருவர். கோயிலிலோ வீட்டிலோ ஆராதனை நடத்தி, குழிமேட்டில் ஜெபித்து, ஒவ்வொருவரும் ஒரு கைப்பிடி மண் இட்டுத் திரும்புவர். நம் சபைகளில் பெரும்பாலும் பெண்களும் கல்லறைத் தோட்டம்வரை வருகின்றனர். இது சிறிய மாற்றமன்று. கணவனின் குழிமேட்டில் மனைவி நின்று உயிர்த்தெழுதலின் வாக்குத்தத்தத்தைத் தன் காதால் கேட்கும்படி திருச்சபை வழிசெய்தது. மூன்றாம் நாள், பதினாறாம் நாள், நாற்பதாம் நாள், ஓராண்டு நிறைவு என்று ஜெபங்கள் தொடரும். நவம்பர் 2ஆம் நாள் சகல ஆத்துமாக்கள் திருநாளில் கல்லறைகளுக்கு வெள்ளையடித்து, மலர் வைத்து, மெழுகுவர்த்தி ஏற்றுவர். சீனரின் சிங்மிங் நாளைக் காண்போர் இதனை நினைவுகூராதிருக்க முடியாது.

இங்கும் குடும்பம் மாறிவருகிறது. பிள்ளைகள் சென்னையிலும் மும்பையிலும் வளைகுடா நாடுகளிலும் இருக்கின்றனர். அவர்கள் வந்துசேரும்வரை உடலைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்திருக்கின்றனர். வந்தவர்களும் விடுப்பு முடிந்ததும் திரும்பவேண்டியவர்களே. ஆகவே பதினாறு நாட்களில் நடந்தவை மூன்று நாட்களுக்குள் நடத்தப்படுகின்றன. அழுவதற்கு இருந்த நாட்கள் குறைந்துவிட்டன. கணக்குத் தீர்ப்பதற்கு உள்ள அவசரம் கூடிவிட்டது.

6. நாம் கேளாத வினா

ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்கு முன் நாம் பணியாற்றிய சபையொன்றில் நிகழ்ந்ததை இங்குக் கூறுவது பயனுடைத்து. ஒரு நடுவயதினர் திடீரென மரித்தார். நாம் ஒழுங்காக அடக்க ஆராதனை நடத்தினோம். பதினாறாம் நாள் ஜெபத்திற்குச் சென்றபோது, படத்திற்கு முன் விளக்கேற்றலாகாது என்று கூறி, அதனை எடுத்துவிடவும் செய்தோம். சத்தியத்தைக் காத்துவிட்டோம் என்னும் மனநிறைவு நமக்கு இருந்தது. ஜெபம் முடிந்து உணவருந்தும் வேளையில், குடும்பத்துப் பெரியவர் ஒருவர் ஒரு பத்திரத்தை அந்த விதவையின் முன் வைத்தார். வீட்டையும் விளையையும் கணவனின் சகோதரர்கள் பொறுப்பில் விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரம் அது. அவ்வம்மையார் நம்மை நோக்கி, "ஐயா, இதில நான் கையெழுத்துப் போடலாமா?" என்று கேட்டார்கள். நாம் சட்டம் அறியோம். குடும்பத்தில் சண்டை மூட்டவும் விரும்பவில்லை. "பெரியவங்க சொல்றபடி செய்யுங்கம்மா" என்று கூறிவிட்டு எழுந்தோம். அவ்வம்மையாரும் அவருடைய இரு பெண்பிள்ளைகளும் ஓராண்டுக்குள் அவ்வூரைவிட்டுச் செல்ல நேர்ந்தது.

விளக்கை எடுத்த நம் கை, அப்பத்திரத்தை எடுக்கவில்லை. அன்று நாம் கேட்ட வினா, "இச்சடங்கு இறந்தவரை வணங்குகிறதா?" என்பது. "இச்சடங்கு உயிரோடிருப்பவளை என்ன செய்கிறது?" என்பதை நாம் கேட்கவே இல்லை.

திருச்சபையின் நெடிய வழக்கிலும் இதுவே நேர்ந்தது என்பது நம் கருத்து. 1704இல் தாலியில் பொறித்த உருவம் யாது என்று விசாரித்தனர். அத்தாலி கழுத்திலிருந்து இறங்கும் நாளில், கூடியிருப்போர் நடுவில் அப்பெண்ணுக்கு நேரும் அவமானம் பின்வந்த வாதங்களிலும் முன்னிடம் பெறவில்லை. 1890இல் மரப்பலகைக்கு முன் வணங்கலாமா என்று வாதிட்டனர். மனைவிக்கு மூன்றாண்டும் கணவனுக்கு ஓராண்டுமாகத் துக்கத்தை வகுத்த நீதி அவ்வாதத்தின் மையமாகவில்லை. நம் தமிழ் மரபும் இதற்கு விலக்கன்று. கணவனை இழந்தவள் நோற்கும் துன்பத்தைத் தாபத நிலை என்றும், மனைவியை இழந்தவனின் தனிமையைத் தபுதார நிலை என்றும் தொல்காப்பியம் பெயரிட்டது. பெயர் இருவருக்கும் உண்டு. நோன்போ ஒருத்திக்கு மட்டுமே விதிக்கப்பட்டது. மனைவியை இழந்த ஆயரோ ஆசிரியரோ திருமண மேடையில் முன்னின்று ஆசி கூறுகின்றார். கணவனை இழந்த தாய், தன் மகளின் திருமணத்தில் பின்வரிசையில் ஒதுங்கி நிற்கின்றார். இது நம் கோயில்களில், நம் கண்முன் நிகழ்கிறது.

7. திருமறை தரும் அளவுகோல்

துக்க வழக்கம் எதனையும் ஆராய்வதற்குத் திருமறை மூன்று வினாக்களைத் தருகிறது.

முதலாவது, இவ்வழக்கம் இறந்தோரிடம் உதவி நாடுகிறதா, அவர்களுக்கு அஞ்சுகிறதா? காணிக்கைப் பொருளில் எதையும் இறந்தோர்க்குப் படைக்கவில்லை என்று இஸ்ரவேலன் அறிக்கையிட வேண்டியிருந்தது (உபாகமம் 26:14). இவ்வினாவை நாம் கைவிடலாகாது. ஆயினும் நினைவுகூர்தல் வேறு, படைத்தல் வேறு. கல்லறையைத் தூய்மை செய்து மலர் வைப்பது நன்றியின் செயல். இறந்தவர் கோபங்கொண்டு தீங்கு செய்வார் என்றஞ்சி உணவு வைப்பதை நற்செய்தியின் ஒளியில் மென்மையாகத் திருத்தவேண்டும்.

இரண்டாவது, இவ்வழக்கம் துக்கத்திற்கு இடமளிக்கிறதா? யாக்கோபுக்காக யோசேப்பு ஏழுநாள் துக்கங்கொண்டாடினான் (ஆதியாகமம் 50:10). மோசேக்காக மக்கள் முப்பது நாள் அழுதனர் (உபாகமம் 34:8). ஸ்தேவானை அடக்கம்பண்ணிய பக்தியுள்ளோர் பெரிதும் புலம்பினர் (அப்போஸ்தலர் 8:2). லாசருவின் கல்லறையருகே நம் ஆண்டவரும் கண்ணீர் விட்டார் (யோவான் 11:35). தெசலோனிக்கேயருக்குப் பவுல் விலக்கியது நம்பிக்கையற்ற துக்கத்தையே. துக்கத்தையன்று (1 தெசலோனிக்கேயர் 4:13). அழும் பெண்களை அதட்டி அடக்கிவிட்டுக் கீர்த்தனை பாடத் தொடங்கும் வழக்கத்தை நாம் மறுபரிசீலனை செய்வது நலம்.

மூன்றாவது, இவ்வழக்கத்தின் சுமை எவர்மேல் விழுகிறது? நீண்ட ஜெபம் பண்ணிக்கொண்டே விதவைகளின் வீடுகளை விழுங்குவோரை ஆண்டவர் கடிந்துகொண்டார் (மாற்கு 12:40). அவ்வசனத்தை வாசிக்கும்போதெல்லாம், அந்தப் பதினாறாம் நாள் பகலுணவு நம் நினைவுக்கு வருகிறது. நாயீனூரில் பாடையைத் தொட்ட இயேசு, மரித்த மகனை எழுப்பியபின் அவனைத் தாயினிடம் ஒப்புவித்தார் (லூக்கா 7:15). சிலுவையில் தொங்கிய வேளையிலும் தம் தாய்க்கு ஒரு வீட்டை ஏற்படுத்திவிட்டே உயிர்நீத்தார் (யோவான் 19:26-27). சாகிறவரே உயிரோடிருப்பவளைப்பற்றிக் கவலைப்பட்டார் எனில், அடக்கம் நடத்தும் ஆயர் கவலைப்படாதிருப்பது எங்ஙனம்? யாக்கோபு நிருபமும் மாசற்ற பக்தியை விதவைகளின் துன்பத்தில் அவர்களை விசாரிப்பதோடு இணைக்கிறது (யாக்கோபு 1:27).

8. ஆயர் செய்யத்தக்கன

இளம் ஆயர்களின் வினாவுக்கு இப்போது விடை கூறலாம். பதினாறாம் நாள் ஜெபத்திற்குச் செல்லுங்கள். ஆனால் பின்வருவனவற்றை அறிந்து செல்லுங்கள்.

அ) தாலியைக் கழற்றும் சடங்கு திருச்சபையின் ஆராதனை முறையில் இல்லை. ஒரு பெண் தானே விரும்பிக் கழற்றுவாராயின் அது அவருக்குரிய தீர்மானம். விரும்பி அணிந்திருப்பாராயின் அதுவும் அங்ஙனமே. கூட்டத்தின் நடுவே பிறர் அதனைப் பறிப்பதற்கு ஆயர் ஜெபம் துணைபோகலாகாது. இதனை மரணம் நேர்ந்த நாளிலன்று, அதற்கு முன்பே மாதர் ஐக்கியக் கூட்டங்களில் போதித்துவைத்தல் வேண்டும்.

ஆ) உயில் எழுதாது மரித்த இந்தியக் கிறிஸ்தவரின் சொத்தில், பிள்ளைகள் இருப்பின் விதவைக்கு மூன்றில் ஒரு பங்கு உண்டு, எஞ்சியது ஆண், பெண் வேறுபாடின்றிப் பிள்ளைகளைச் சேரும். வழித்தோன்றல் இன்றி உறவினர் மட்டும் இருப்பின் விதவைக்குப் பாதி. இது 1925ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் ஏற்பாடு. ஆயர் வழக்கறிஞராக வேண்டுவதில்லை. "துக்க நாட்களில் எப்பத்திரத்திலும் கையொப்பமிட வேண்டாம் அம்மா, பின்னர் விசாரித்துச் செய்வோம்" என்று சொல்லும் துணிவு போதுமானது.

இ) இறப்பை 21 நாட்களுக்குள் பதிவுசெய்தல், வாரிசுச் சான்றிதழ், விதவை ஓய்வூதியம் முதலியவற்றிற்கு உதவச் சபையில் இருவரை ஏற்படுத்துதல் நன்று. வெளியூரிலிருக்கும் பிள்ளைகள் திரும்பிச் சென்றபின், நாற்பதாம் நாளுக்கும் ஓராண்டுக்கும் இடையே அவ்வீட்டின் கதவைத் தட்டுவோர் எவருமில்லை. சீனக் கிராமங்களின் பாடகர் குழு செய்வதுபோல், அவ்விடத்தைச் சபை நிரப்பவேண்டும்.

ஈ) திருமண ஆராதனையில் விதவைத் தாயையே முன்னழைத்து, பிள்ளைகளுக்கு ஆசி கூறச் செய்யுங்கள். பல பிரசங்கங்கள் செய்யவியலாததை இவ்வொரு செயல் செய்யக்கூடும். உறவின்முறையார் முதலில் முணுமுணுக்கலாம்; தாயின் கை மகளின் தலையில் இருப்பதைக் கண்டபின் பெரும்பாலும் அமைதியாகிவிடுவர்.

உ) நவம்பர் 2ஆம் நாள் கல்லறைத் தோட்டத்து ஆராதனையில், மரித்தோரின் பெயர்களை வாசிப்பதோடு நில்லாது, அவ்வாண்டில் துணையையோ பெற்றோரையோ பிள்ளையையோ இழந்தோரின் பெயர்களையும் சொல்லி அவர்களுக்காகவும் ஜெபியுங்கள்.

முடிவுரை

நம்மிடையே மரித்தோர் கிறிஸ்துவின் கையில் இருக்கின்றனர் என்பது நம் அறிக்கை. அவர்களுக்கு நாம் கூட்டவோ குறைக்கவோ ஏதுமில்லை. ஆகவே துக்க வீட்டில் ஆயரின் கவனம் பெரும்பாலும் உயிரோடிருப்போர்மீது திரும்புவது அந்த அறிக்கைக்கு ஏற்றதே. சீனரின் சடங்கையோ தமிழரின் சடங்கையோ கிறிஸ்தவத்திற்கு ஏற்றதா என்று ஆராயும் உரிமை திருச்சபைக்கு உண்டு. அவ்வாராய்ச்சி மலரிலும் மெழுகுவர்த்தியிலும் தொடங்கி அவற்றிலேயே முடிந்துவிடின், நாம் எளியதைக் கேட்டு அரியதை விட்டவராவோம்.

நம் அறியாமையால் ஊரைவிட்டுச் சென்ற அவ்வம்மையாரைப் பின்னொருநாள் வேறோர் ஊர்க் கோயிலில் கண்டோம். அவர்கள் நம்மைக் கடிந்து ஒரு சொல்லும் கூறவில்லை. நலம் விசாரித்து, பிள்ளைகளுக்காக ஜெபிக்கும்படி கேட்டுக்கொண்டார்கள். அந்தப் பொறுமையை நாம் நமக்கு விடுதலையாக எடுத்துக்கொள்ளலாகாது. இனி அடக்கப் பதிவேட்டில் மரித்தவரின் பெயரை எழுதும் ஒவ்வொரு முறையும், அவர் விட்டுச்சென்றவர் யாவர், அவர்களுக்கு வீடு உண்டா, உணவு உண்டா, உரிமை உண்டா என்று விசாரித்தபின்னரே அப்பதிவேட்டை மூடுவோமாக.